கடைசிச் சுற்றிலேயே விழுகிறோம், வெல்ல வழி சொல்லுங்கள் (ஸ்டம்பிள் கைஸ், ஃபோல் கைஸ்)

விசுவமடு நிலா:

எல்லாருக்கும் வணக்கம். நாங்கள் நான்கு பேர்: நான், தம்பி, பக்கத்து வளவில் இருக்கும் சித்தியின் பிள்ளைகள் இரண்டு பேர். சனிக்கிழமை இரவில் கனடாவில் இருக்கும் மாமாவின் பிள்ளைகளோடு ஸ்டம்பிள் கைஸ் விளையாடுவோம், நிறையப் பேர் ஒன்றாகத் தடைகளைத் தாண்டி ஓடி, சுற்றுக்குச் சுற்று ஆட்கள் குறையும் இணைய விளையாட்டு அது. சில நாட்களில் அவர்கள் அதேபோன்ற ஃபோல் கைஸுக்கும் கூப்பிடுவார்கள். அவர்களிடம் கணினியும் பிளேஸ்டேஷனும் இருக்கின்றன. எங்களிடம் போன் மட்டும்தான்.

முதல் இரண்டு சுற்றையும் பெரும்பாலும் தாண்டிவிடுவோம். கடைசிச் சுற்றாக ஹனி ட்ரொப் அல்லது பிளொக் டாஷ் வந்தால் எங்கள் கதை முடிந்தது. தம்பி எப்போதும் எல்லாரையும் முந்திக்கொண்டு ஓடுவான், கடைசிச் சுற்றில் முதலில் விழுவதும் அவன்தான். பள்ளிக்கூட விடுமுறைக்கு மாமா குடும்பம் ஊருக்கு வருகிறது. அதற்குள் ஒருமுறையாவது வென்று கிரீடம் எடுக்கவேண்டும் என்று சின்னவர்கள் ஒற்றைக்காலில் நிற்கிறார்கள். எனக்கும் அந்த ஆசை நிறையவே இருக்கிறது.

யூடியூபில் தேடினால் உடுப்பையும் ஜெம்மையும் பற்றித்தான் பேசுகிறார்கள். உண்மையில் விளையாடுபவர்கள் யாராவது சொல்லுங்கள். போன்கள் நடுத்தரம், 3 ஜிபி ராம். சிக்னல் வீட்டுக்குள் குறைவு, முற்றத்து மாமரத்தடியில் பரவாயில்லை.

மாங்குளம் போன் கடை:

தங்கச்சி, நான் போன் திருத்துகிறவன். மத்தியானம் கடையில் ஆள் இல்லாத நேரத்தில் இந்த விளையாட்டைத்தான் விளையாடுவேன், எனக்கு அவ்வளவு பிடிக்கும். கொஞ்சம் நீட்டித்தான் எழுதப்போகிறேன், பொறுமையாகப் படியுங்கள்.

முதலில் தம்பியின் ஓட்டத்தைப் பற்றி. ஸ்டம்பிள் கைஸில் பொது ஆட்டம் என்றால் 32 பேர் தொடங்குவார்கள். அதில் 16 பேர் அடுத்த சுற்றுக்குப் போவார்கள், பிறகு 8 பேர், கடைசியில் ஒருவர். முதல் சுற்றில் முதலாவதாக வந்தவருக்கும் பதினாறாவதாக வந்தவருக்கும் அடுத்த சுற்றில் ஒரு வித்தியாசமும் கிடையாது. அப்படியிருக்க ஏன் முந்தவேண்டும்? முன்னால் ஓடுகிறவன் ஒவ்வொரு தடையையும் தன் உடம்பால் சோதித்துப் பார்க்கிறான். பின்னால் வருகிறவன் அதைப் பார்த்துக்கொண்டு வருகிறான். தம்பியிடம் சொல்லுங்கள், முன்னால் போகும் ஐந்தாறு பேருக்குப் பின்னால், பாதையின் ஓரமாக ஓடட்டும். நடுவில் ஓடினால் கூட்டம் இடித்துத் தள்ளும். மற்றவர்களைக் குத்தித் தள்ளும் அசைவு வைத்திருப்பவர்களும் கூட்டத்துக்குள்தான் தங்கள் வேலையைக் காட்டுவார்கள்.

இரண்டாவது, பாய்ச்சல். தாவிய பிறகு அந்தரத்தில் இருக்கும்போது அதே பட்டனை இன்னொரு தரம் அழுத்தினால் ஆள் முன்பக்கமாகப் பாய்வான். இது எல்லாருக்கும் தெரியும், ஆனால் வெறும் தரையிலும் பாய்ந்து பாய்ந்து போகிறார்கள். பாய்ந்து விழுந்தவன் எழும்ப நேரம் எடுக்கும், அந்த நேரத்தில் வந்து இடிக்கும் தடைக்கு அவனால் ஒன்றும் செய்ய முடியாது. அகலமான இடைவெளி, கொஞ்சம் எட்டாமல் போகும் விளிம்பு, முடிவுக் கோடு. இந்த மூன்றுக்கும் வைத்துக்கொள்ளுங்கள். மற்ற நேரத்தில் ஓட்டமும் சாதாரணத் தாவலும் போதும்.

மூன்றாவதுதான் நான் முக்கியமாகச் சொல்ல வந்தது: கமராவைத் திருப்புவது. கடைக்கு வரும் பெடியளின் போனில் கண்ணாடி ஒட்டியதைக் கழற்றும்போது பார்ப்பேன். இடப்பக்கக் கீழ் மூலையில் பெருவிரல் தேய்த்துத் தேய்த்து மங்கிப்போய், சில நேரம் சின்ன வட்டமாகவே கீறல் விழுந்திருக்கும். வலப்பக்கத்தில் தாவும் பட்டன் இருக்கும் இடத்தில் மட்டும் ஒரு புள்ளி அழுக்கு. அதற்கு மேலே திரை புதிதுபோல இருக்கும். அந்த இடத்தில் விரல் படவே இல்லை என்றால் கமராவைத் திருப்பவே இல்லை என்றுதானே அர்த்தம்? முன்னால் மட்டும் பார்த்து விளையாடினால், பக்கத்தில் இருந்து சுழன்று வரும் கட்டை அடித்த பிறகுதான் தெரியும். கனடாப் பிள்ளைகள் கணினியில் வென்றால் பாதிக் காரணம் இதுதான். மவுஸ் கையில் இருப்பதால் அவர்கள் யோசிக்காமலே சுற்றிப் பார்க்கிறார்கள். நீங்கள் வலது பெருவிரலைப் பழக்கவேண்டும்: தாவு, விடு, மேலே இழுத்துத் திருப்பு, திரும்பப் பட்டனுக்கு வா. ஒரு கிழமை இதை மட்டும் செய்யுங்கள், தோற்றாலும் பரவாயில்லை.

சரி, ஹனி ட்ரொப். அறுகோணக் கட்டங்களால் ஆன தரை, ஒன்றுக்குக் கீழ் ஒன்றாகத் தட்டுத் தட்டாக இருக்கும், கால் பட்ட கட்டம் கொஞ்ச நேரத்தில் விழுந்துவிடும். ஓடினால் ஒரு மூச்சில் பத்துப் பதினைந்து கட்டங்களை நீங்களே அழித்துவிடுவீர்கள். ஒரு கட்டத்தில் நில்லுங்கள், அது விழப்போகும் நேரத்தில் பக்கத்துக் கட்டத்துக்குச் சின்னதாக ஒரு தாவல். திரும்பவும் அப்படியே. தரை மிச்சமாகும். மேல் தட்டில் எவ்வளவு நேரம் இருக்கலாமோ அவ்வளவு நேரம் இருங்கள். கீழே போனால் திரும்ப ஏற வழியில்லை.

பிளொக் டாஷில் கட்டைகள் வரிசை வரிசையாக உங்களை நோக்கி வரும், பக்கத்தில் வந்துவிட்ட வரிசையைப் பார்க்காதீர்கள். அதற்கு அடுத்த வரிசையில் இடைவெளி எங்கே இருக்கிறது என்று பார்த்துக்கொண்டே இந்த வரிசையைத் தாண்டவேண்டும். நேரம் போகப் போக வேகம் கூடும், அப்போது கண் ஒரு வரிசை முன்னால் இருந்தால்தான் கால் சரியான இடத்துக்குப் போகும். மேடையின் விளிம்பில் நிற்கவே வேண்டாம். இடைவெளி தூரத்தில் இருந்தால், உயரம் குறைந்த கட்டையில் தாவி ஏறிவிடுவது நல்லது.

போன் விஷயம்: கிராபிக்ஸைக் குறையுங்கள், பின்னால் திறந்து கிடக்கும் செயலிகளை மூடுங்கள், சார்ஜில் போட்டுக்கொண்டு விளையாடாதீர்கள். தகரக் கூரைக்குக் கீழே, தடித்த கவருக்குள் இருக்கும் போன் சூடாகித் தானாகவே வேகத்தைக் குறைக்கும். கவரைக் கழற்றிவிடுங்கள். விரல் வியர்த்தால் துளி முகப்பவுடர் போதும்.

முள்ளியவளை பெடியன்:

அண்ணை சொன்னதில் ஹனி ட்ரொப் பற்றி மட்டும் எனக்கு வேறு கருத்து. மேல் தட்டில் எட்டுப் பேரும் நின்றால் யாராவது ஒருவர் உங்களைச் சுற்றி ஓடித் தரையை அழித்துவிடுவார். நான் இரண்டு மூன்று பேர் விழும்வரை மேலே நிற்பேன். பிறகு நானாகவே கீழே இறங்கி, அங்கே நடுப்பகுதியை ஓடி ஓடி அழித்துவிட்டு, ஒரு ஓரத்தில் எனக்கு மட்டும் கொஞ்சத் தரை வைத்துக்கொள்வேன். மேலே இருந்து விழுகிறவர்கள் அந்தப் பெரிய ஓட்டைக்குள்ளாலேயே அடுத்த தட்டுக்கும் போய்விடுவார்கள். முதல் தடவை பார்ப்பவருக்குப் பயித்தியம்போலத் தெரியும், ஆனால் இதில்தான் நான் அதிகம் வென்றிருக்கிறேன்.

இன்னொன்று. நீங்கள் நான்கு பேரும் ஒரே இடத்தில் நிற்கவேண்டாம். சொந்த ஆட்களே ஒருவரின் தரையை மற்றவர் அழிக்கிறீர்கள். ஆளுக்கு ஒரு மூலை எடுங்கள்.

மாங்குளம் போன் கடை:

தம்பி, உன் முறையும் சரிதான். ஆனால் கீழே இறங்கி ஓடி அழிக்க நல்ல சிக்னல் வேண்டும். போன் ஒரு நொடி பிந்தினால் தானே வெட்டிய ஓட்டைக்குள் தானே விழவேண்டியதுதான். தங்கச்சி முதலில் மேலே நின்று தாவப் பழகட்டும், அது கைக்கு வந்த பிறகு உன் வழியை எடுக்கட்டும். மூலை பிரிப்பது பற்றிச் சொன்னாயே, அது அருமை.

கிளிநொச்சி சுதா அக்கா:

நிலா, ஃபோல் கைஸ் பற்றி யாரும் சொல்லவில்லை, நான் சொல்கிறேன். என் மகனோடு சேர்ந்து நானும் விளையாடுகிறேன்.

மச்சான் மச்சாள்மார் கெட்டிக்காரர்கள் என்று மனம் தளரவேண்டாம். அந்த விளையாட்டு 2020 ஆகஸ்டில் கணினிக்கும் பிளேஸ்டேஷனுக்கும் வந்தது, அப்போது காசு கொடுத்து வாங்கவேண்டும். 2022 ஜூனில்தான் இலவசமானது. போனுக்கு வந்தது 2024 ஆகஸ்டில். அவர்கள் தொடக்கத்திலிருந்தே விளையாடியிருந்தால் ஒவ்வொரு தடையும் எந்தப் பக்கம் திரும்பும் என்று மனப்பாடமாக இருக்கும். உங்களுக்கும் அது வரும்.

ஸ்டம்பிள் கைஸில் இல்லாத ஒரு பட்டன் இதில் இருக்கிறது: பிடிப்பது. தாவல், பாய்ச்சல், பிடி மூன்றும் தனித்தனி. ஃபோல் மவுண்டன் என்ற மலையேறும் கடைசிச் சுற்றில் உச்சிக்குப் போனால் மட்டும் வெற்றி இல்லை. கிரீடம் மேலும் கீழும் அசைந்துகொண்டிருக்கும், அது கீழே வரும்போது தாவி, பிடி பட்டனை அழுத்தவேண்டும். கிரீடத்தில் முட்டிவிட்டுக் கீழே விழுந்த பிள்ளைகளை நிறையப் பார்த்திருக்கிறேன். பின்னால் வந்தவன் பிடித்துக்கொண்டு போய்விடுவான், பார்க்கவே வயிறு எரியும். விளிம்பில் கை எட்டினால் பிடித்து ஏறுவதும் அதே பட்டன்தான்.

சீ சோ என்ற சுற்றில் பலகை நம்முடைய கிணற்றுத் துலாபோலத்தான். எந்தப் பக்கம் பாரம் கூடுகிறதோ அந்தப் பக்கம் சாயும். எல்லாரும் ஒரு பக்கத்தில் குவிந்தால் நீங்கள் தாழ்ந்த பக்கம் பாயாமல் உயர்ந்த பக்கத்துக்குப் போங்கள். சரிந்து கிடக்கும் பலகையில் அவசரப்பட்டு ஏறவே வேண்டாம். அது சமநிலைக்கு வரும்வரை நின்றவர்கள்தான் கடைசியில் கோட்டைத் தாண்டுகிறார்கள்.

டோர் டாஷ் சுற்றில் பொய்க் கதவும் மெய்க் கதவும் கலந்திருக்கும். முன்னால் போனவர் உடைத்த கதவால் போங்கள். டிப் டோ சுற்றில் தரைக் கட்டங்களில் பொய்யும் மெய்யும் கலந்திருக்கும், யாரோ ஒருவர் விழுந்து காட்டிய ஓட்டை உங்களுக்கு வழிகாட்டி.

பெர்பெக்ட் மேட்ச் சுற்றில் தரைக் கட்டங்களில் தெரியும் பழப் படங்களை நினைவில் வைத்து, கேட்கும் பழத்தின் கட்டத்தில் நிற்கவேண்டும். நான்கு பேரும் மாமரத்தடியில் ஒன்றாகத்தானே இருக்கிறீர்கள்? ஆளுக்கு ஒரு வரிசையைப் பார்த்து வைத்துக்கொண்டு, கேட்ட பழம் யாருடைய வரிசையில் இருக்கிறதோ அவர் சத்தமாகச் சொல்லட்டும். ஒன்றாக உட்கார்ந்து விளையாடுபவர்களுக்கு இதில் பெரிய வசதி.

ஜம்ப் ஷோடவுன் சுற்றில் இரண்டு கட்டைகள் சுற்றும். கீழே சுற்றுவதைத் தாவித் தாண்டவேண்டும். மேலே சுற்றுவது சும்மா நின்றால் தலைக்கு மேலால் போய்விடும், தாவினால் அடிக்கும். இரண்டும் சேர்ந்து வரும் நேரம்தான் ஆபத்து. அதனால் இரண்டு கட்டையும் வரும் திசையைப் பார்த்தபடி நில்லுங்கள். நிற்கும் தட்டு நடுங்கத் தொடங்கினால் அது விழப்போகிறது, உடனே பக்கத்துத் தட்டுக்கு மாறுங்கள்.

விசுவமடு நிலா:

எல்லாருக்கும் மிக்க நன்றி. அக்கா, பழம் பிரித்துப் பார்க்கும் வழி எங்களுக்குத் தோன்றவே இல்லை! தம்பிக்கு எல்லாவற்றையும் வாசித்துக் காட்டினேன். ஓரமாக ஓடச் சம்மதித்துவிட்டான். மூலை பிரிப்பதில்தான் இப்போது சண்டை, எல்லாருக்கும் ஒரே மூலை வேண்டுமாம்.

அண்ணை, ஒரு கேள்வி மிச்சம். நாங்கள் விளையாடுவது இரவு 7 மணிக்கு. அந்த நேரத்தில் ஆட்கள் திடீரென்று இடம் மாறித் தெரிகிறார்கள், நான் தாவிய பிறகு கொஞ்சம் பிந்தித்தான் என் ஆள் தாவுகிறான். பகலில் இப்படி இல்லை. போனில் பிழையா, சிக்னலில் பிழையா?

மாங்குளம் போன் கடை:

பகலில் சரியாக இருந்தால் போனில் பிழை இல்லை தங்கச்சி. இரவு 7 மணிக்கு ஊர் முழுக்க வீடியோ பார்க்கிறார்கள், ஒரே கோபுரத்தை எல்லாரும் பங்குபோடவேண்டும். வேகம் குறைவது ஒரு பக்கம், சிக்னல் போய்வர எடுக்கும் நேரம் கூடுவதுதான் இந்த விளையாட்டுக்குப் பெரிய கேடு. நீங்கள் பார்க்கும் கட்டை ஏற்கனவே கொஞ்சம் தள்ளிப் போயிருக்கும். அப்படிப்பட்ட நேரத்தில் தடைக்கு மிக அருகில் போய்த் தாவாமல் ஒரு அடி முன்னாலேயே தாவுங்கள், மற்ற ஆட்களை உரசிக்கொண்டு ஓடாதீர்கள்.

நேரத்தை மாற்றமுடியுமா என்று கேட்டுப் பாருங்கள். கோடையில் டொரொண்டோ நமக்கு ஒன்பதரை மணி நேரம் பின்னால். நமக்கு ஞாயிறு காலை 6 மணி என்றால் அவர்களுக்குச் சனி இரவு எட்டரை. அவர்களுக்கும் வசதி, நமக்கும் அந்த நேரத்தில் கோபுரம் காலியாக இருக்கும், போனும் சூடாகாது.

விளையாட்டின் அமைப்புகளில் பிராந்தியம் (எந்தப் பகுதி சேர்வரில் விளையாடுவது) என்று ஒன்று இருக்கும். நீங்கள் நால்வர் மட்டும் பழகும்போது ஆசியாவை வையுங்கள். கனடாப் பிள்ளைகளோடு சேரும்போது ஒருநாள் நீங்கள் அறையைத் திறந்து கூப்பிடுங்கள், அடுத்த நாள் அவர்கள் திறக்கட்டும். எதில் தடங்கல் குறைவு என்று பார்த்து அதையே வைத்துக்கொள்ளலாம். ஒரு போனில் இருந்து மற்ற மூன்றுக்கும் ஹொட்ஸ்பொட் கொடுத்தால் அந்த ஒரு போன் சூடேறி எல்லாருக்கும் பிந்தும், அதனால் அவரவர் டேட்டாவில் விளையாடுங்கள்.

மூலைச் சண்டைக்கு ஒரு வழி: ஆட்டம் தொடங்கும்போது யார் எந்தப் பக்கத்தில் நிற்கிறாரோ அந்தப் பக்க மூலைதான் அவருக்கு.