செஸ் ஆட்டக்காரங்களைத் தோத்த அன்னிக்கு நேர்ல பார்த்திருக்கீங்களா?

தாம்பரம் அம்மா:

என் பொண்ணுக்கு ஒன்பது வயசு. போன ஞாயித்துக்கிழமை ஒரு போட்டியில நாலாவது சுற்று தோத்துட்டா. எதிரே இருந்த பையனுக்குக் கை கொடுக்கலை. மூவ் எழுதுற ஸ்கோர்ஷீட்டைக் கசக்கிக் குப்பைத்தொட்டியில போட்டுட்டு வந்தவ, வீடு வர்ற வரைக்கும் வாயே திறக்கலை. ஜெயிச்ச கதையெல்லாம் அவளுக்குத் தலைகீழ்ப் பாடம். குகேஷ் 12 வயசு 7 மாசத்துல கிராண்ட்மாஸ்டர் ஆனதை நாள் கணக்கோட சொல்லுவா. அவங்களும் தோத்திருக்காங்கன்னு நான் சொன்னா நம்ப மாட்டேங்கிறா. பெரிய ஆட்டக்காரங்க தோத்த நாள்ல பக்கத்துல இருந்து பார்த்தவங்க யாராவது இருந்தா, பார்த்ததை அப்படியே எழுதுங்க. படிச்சுக் காட்டப் போறேன்.

மயிலை 64:

2013 நவம்பர் 21, சென்னை ஹயாத் ரீஜென்சி. ஆனந்த் - கார்ல்சன் உலகப் பட்டப் போட்டியோட ஒன்பதாவது ஆட்டம். போனை வெளியில கொடுத்துட்டுத்தான் உள்ள போகணும். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவங்க ரெண்டு பேர், இந்தப் பக்கம் இருட்டுல நாங்க. ஆனந்த் 3-5ன்னு பின்னாடி இருந்தார். அன்னிக்கு ஜெயிச்சே ஆகணும். அந்தப் போட்டியில முதல் தடவையா ராணிக்கு முன்னாடி இருக்கிற சிப்பாயைத் தள்ளி ஆரம்பிச்சார். பக்கத்துல இருந்த பெரியவர் என் தொடையில தட்டினது இன்னும் ஞாபகம் இருக்கு.

ஆட்டம் ரெண்டு ஓரத்துலயும் நடந்துச்சு. ஒரு பக்கம் வெள்ளைக் காய்கள் கார்ல்சனோட ராஜாவை நெருங்குது. இன்னொரு பக்கம் ஒத்தைக் கறுப்புச் சிப்பாய் கட்டம் கட்டமா இறங்கி, 27ஆவது மூவ்ல பி-1 கட்டத்துல ராணியாகி செக் வைக்குது. பிஷப்பை நடுவுல வெச்சு மறைச்சிருந்தா ஆட்டம் இன்னும் ஓடியிருக்கும். ஆனந்த் குதிரையை வெச்சார். அடுத்த மூவே கறுப்பு ராணி இ-1. யானையை எச்-4க்குக் கொண்டுபோய் மேட் போடுறதுதான் ஆனந்த் போட்ட திட்டம், அந்தக் கட்டத்துக்கு இப்போ ராணி காவல். அங்கேயே தோல்வியை ஒத்துக்கிட்டுக் கை கொடுத்துட்டார்.

உங்க பொண்ணுக்கு நான் சொல்ல வர்றது இதுக்கு அப்புறம் நடந்ததைத்தான். சொந்த ஊர்ல, தன்னைப் பார்த்துச் செஸ் கத்துக்கிட்ட ஊர் முழுக்கப் பார்த்துக்கிட்டிருக்கும்போது அப்படி ஒரு தப்பு. அன்னிக்கே பத்திரிகையாளர்கள் முன்னாடி வந்து உக்கார்ந்து, கணக்கு எங்கே பிசகுச்சுன்னு சொன்னார். மறுநாள் பத்தாவது ஆட்டம் டிரா ஆகி, 6.5-3.5ன்னு பட்டம் போயிடுச்சு. நாலே மாசம். 2014 மார்ச்ல ரஷ்யாவுல காந்தி-மான்சிஸ்க்ல, சாம்பியனோட மோதப்போறவரைத் தேர்ந்தெடுக்கிற கேண்டிடேட்ஸ் போட்டி ஆடி, ஒரு ஆட்டம்கூடத் தோக்காம முதலிடம் வந்து, திரும்பவும் கார்ல்சன் எதிர்ல போய் உக்கார்ந்தார். அப்போ அவருக்கு 44 வயசு. அஞ்சு உலகப் பட்டத்தையும்விட எனக்கு அதுதான் பெரிசாத் தெரியுது.

ஓ.எம்.ஆர். வாசி:

நாடுகள் அணி அணியா மோதுற 2022 செஸ் ஒலிம்பியாட்ல நான் தன்னார்வலரா இருந்தேன், மாமல்லபுரத்துல. ஆகஸ்ட் 8, பத்தாவது சுற்று, இந்தியா 2 அணிக்கும் உஸ்பெகிஸ்தானுக்கும். குகேஷுக்கு அப்போ 16 வயசு. முதல் எட்டு ஆட்டமும் வரிசையா ஜெயிச்சு, அமெரிக்காவோட முன்னணி ஆட்டக்காரர் கருவானாவையும் வீழ்த்திட்டு வந்திருந்தார். அன்னிக்கு அப்துசத்தோரோவ்கூட ஜெயிக்க வேண்டிய ஆட்டம், கையைவிட்டுப் போயிடுச்சு.

அக்கா, ஆட்டம் முடிஞ்சதும் ரெண்டு ராஜாவையும் பலகை நடுவுல வைக்கிற வழக்கம் உங்க பொண்ணுக்குத் தெரிஞ்சிருக்கும். வெள்ளை ஜெயிச்சா நடு வெள்ளைக் கட்டம், கறுப்பு ஜெயிச்சா கறுப்புக் கட்டம். கம்ப்யூட்டரோட இணைச்ச பலகைக்கு முடிவு அப்படித்தான் தெரியும். அதுவும் முடிஞ்ச பிறகு அந்தப் பையன் ரெண்டு கையாலயும் முகத்தை மூடிக்கிட்டு உக்கார்ந்திருந்ததை என்னால மறக்க முடியலை. பக்கத்து பலகைகள்ல வேலை இருந்துச்சு, ஆனா எங்க யாருக்கும் கால் நகரலை.

மறுநாள் வந்து டிரா பண்ணினார். அணி ஜெர்மனியை ஜெயிச்சு வெண்கலம் வாங்குச்சு, அணிகளோட முதல் பலகையில ஆடினவங்கள்ல சிறந்தவருக்கான தங்கம் அவருக்கு. அதே நாள் நம்ம பெண்கள் அணி, முன்னிலையில இருந்தவங்க, கடைசிச் சுற்றுல அமெரிக்காகிட்ட தோத்தாங்க. வந்தது வெண்கலம். ஒலிம்பியாட்ல இந்தியப் பெண்களுக்கு அதுதான் முதல் பதக்கம். ஆனா அந்த மேடையில சிரிப்பைவிட மௌனம்தான் எனக்கு அதிகமாத் தெரிஞ்சுது.

பழைய மெட்ராஸ்காரர்:

நான் பார்த்தது 1980களில். மானுவல் ஆரோன் 1972ல் தொடங்கிய டால் செஸ் கிளப், சோவியத் கலாசார மையத்தில். சில நிமிடங்களில் முடிகிற பிளிட்ஸ் ஆட்டம் ஆடுவோம். ஜெயித்தவன் நாற்காலியிலேயே இருப்பான், தோற்றவன் எழுந்து வரிசையின் கடைசிக்குப் போக வேண்டும். ஆனந்த் சிறுவனாக ஆடிப் பழகியதும் அந்த வரிசையில்தான். கடிகாரத்தை அடிக்கிற சத்தம், நேரம் தீர்ந்து கடிகாரத்தின் கொடி விழுந்ததும் நாற்காலி இழுபடுகிற சத்தம், அடுத்தவன் அவசரமாகக் காய் அடுக்குகிற சத்தம். அழுவதற்கு நேரம் கிடையாது. ஒரு சாயங்காலத்தில் பன்னிரண்டு தடவை நான் கடைசிக்குப் போயிருக்கிறேன்.

ஆரோனைப் பற்றி இன்றைய குழந்தைகளுக்குத் தெரிவதில்லை என்பது என் நெடுநாள் ஆதங்கம். 1961ல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர், கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழே உள்ள பட்டம். அடுத்தவர் வர 17 வருடம் ஆயிற்று. தேசியப் பட்டம் ஒன்பது முறை. 1962ல் உலகப் பட்டத்துக்கான தகுதிப் போட்டியான ஸ்டாக்ஹோம் இன்டர்சோனலில் 23 பேரில் கடைசி இடம், 22 ஆட்டங்களில் 4 புள்ளி. ஆனால் அந்த நாலுக்குள்ளேயே போர்டிஷ், ஊல்மன் என்ற இரண்டு கிராண்ட்மாஸ்டர்களை ஜெயித்த இரண்டு புள்ளிகள் இருக்கின்றன. நாளைக்கு அந்த அட்டவணையைப் பாப்பாவிடம் காட்டுங்கள் அம்மா. கீழேயிருந்து படிக்கச் சொல்லுங்கள்.

சிங்கை வாசி:

2024 டிசம்பர் 12, சிங்கப்பூர் செந்தோசா. அப்போதைய உலக சாம்பியன் டிங் லிரனுக்கும் குகேஷுக்கும் உலகப் பட்டப் போட்டி. கடைசி, 14ஆவது ஆட்டத்துக்கு லீவு போட்டுட்டுப் போனேன். 6.5-6.5ன்னு சமமா இருந்துச்சு. டிராதான், நாளைக்கு வேக ஆட்டத்துல முடிவு பண்ற டைபிரேக்னு எல்லாரும் முடிவு பண்ணியிருந்தோம். 55ஆவது மூவ்ல டிங் லிரன் யானையை எஃப்-2ல வெச்சார். யானைக்கு யானை வெட்டினா, மூலையில இருக்கிற அவரோட பிஷப்பையும் குகேஷோட கறுப்பு கட்டாயமா வெட்டுக்கு இழுத்திடலாம், மிஞ்சுறது தோல்விதான். குகேஷுக்கே அது உடனே பிடிபடலை. பிடிபட்டதும் அவர் கண்ணு விரிஞ்சுதே, அது திரையில பெரிசாத் தெரிஞ்சுது.

ஆனா நான் டிங்கைப் பத்திச் சொல்லணும். அந்த மேஜைமேல தலையைச் சாய்ச்ச மனுஷன், கை கொடுத்து, கையெழுத்துப் போட்டுட்டு, பத்திரிகையாளர்கள் முன்னாடி வந்து, கடைசியில தோத்தது நியாயமான முடிவுதான், வருத்தம் இல்லைன்னு சொன்னார். குகேஷும் அவரை உண்மையான சாம்பியன்னுதான் சொன்னார். ஜெயிச்ச குகேஷ் அழுதுக்கிட்டே காய்களை ஒவ்வொண்ணா எடுத்து ஆரம்பத்துல இருந்த மாதிரியே அடுக்கி வெச்சார். ரெண்டு பக்கக் காயையும்.

தாம்பரம் அம்மா:

எல்லாருக்கும் நன்றி. ஆனந்த் சார் கதையை ரெண்டு தடவை படிக்கச் சொன்னா. இ-1 எங்கே இருக்குன்னு பலகையை எடுத்துட்டு வந்து பார்த்தா. ஐயா, அந்த ஸ்டாக்ஹோம் அட்டவணையைத் தேடிக்கிட்டிருக்கேன்.

அவகிட்ட சொல்லாம அன்னிக்கே அந்த ஸ்கோர்ஷீட்டைத் தொட்டியிலேருந்து எடுத்து என் பையில வெச்சிருந்தேன். இன்னிக்கு ராத்திரி மேஜைமேல நீவி வெச்சுட்டு வந்தேன். 31ஆவது மூவ் வரைக்கும் அழகா எழுதியிருக்கா. அதுக்குக் கீழ பென்சில் அழுத்தி ஒரு கோடு. பேப்பரே கிழிஞ்சிருக்கு.