பென்னாகரம் பேச்சில் 'திலிக்' மாதிரி குறும்படம்: லாரிக்குள்ள சவுண்ட் எப்படி எடுக்கிறது?

காவேரிக்கரை_கேமரா:
இந்தோனேசியாவின் 'திலிக்' குறும்படம் பார்த்தவங்க இருக்கீங்களா? ஊர்த் தலைவியம்மா ஆஸ்பத்திரியில. அவங்களைப் பார்க்க ஊர்ப் பொம்பளைங்க லாரி ஏறிப் போறாங்க. அரை மணி நேரமும் ஒரே ஊர்க்கதை. அதே கட்டமைப்புல பென்னாகரத்துல கிளம்பி இண்டூர் வழியா தருமபுரி ஜி.ஹெச். வர ஒரு படம் எழுதியாச்சு. 12 பெண்கள், ஒரு 407 மினி லாரி, ரெண்டு போன், ஒரு ஜோடி ஒயர்லெஸ் மைக். வண்டி ஓடும்போது வசனம் தெளிவா வருமா? நம்ம ஊர்ப் பேச்சை அப்படியே விடலாமா, பொதுத் தமிழுக்கு மாத்தணுமா?

சவுண்டு_பாய்_பாலக்கோடு:
ஓடும்போது வசனம் எடுக்காதீங்க. டீசல் இன்ஜின் உறுமல் குரலோட கனமான கீழ்ப்பகுதி இருக்கிற அதே இடத்துல உட்காரும். அதை வடிகட்டினா குரலும் தகர டப்பாவுக்குள்ள இருந்து வர்ற மாதிரி ஆயிடும். இன்னொண்ணு, சரக்கு வண்டியில ஆள் ஏத்துறது சட்டப்படியே தப்பு. 'திலிக்'லயே போலீஸ் மறிக்கிற காட்சி வருது, உங்களுக்கு அது நிஜத்துல வேண்டாம்.

வண்டியை மேட்டு நிலத்துல நிறுத்தி இன்ஜினை ஆஃப் பண்ணுங்க. பின் சேஸிஸுக்கு அடியில நீளமான சவுக்குக் கழியை நெம்புகோலா கொடுத்து ரெண்டு பேர் மெதுவா ஆட்டணும். கேமரா லாரியோட பக்கப் பலகை உயரத்துக்குக் கீழே இருந்து மேல் நோக்கட்டும். பின்னணியில வானம் மட்டும்தான் தெரியணும். ஒருத்தர் புளியங்கிளையை வெயிலுக்குக் குறுக்கே வீசிக்கிட்டே இருந்தா, மர நிழல் முகத்துல ஓடுற மாதிரி இருக்கும். ஆட்டம் ஒரே தாளத்துல போனா பொய்னு தெரிஞ்சிடும், நடுநடுவே ஒரு பள்ளம் விழணும். தூரக் காட்சிக்கு யாராவது மாந்தோப்பு மண்பாதையைக் கேட்டு வாங்கி, மெதுவா ஓட்டி எடுத்துக்கலாம். அடிக்கடி விபத்து நடக்கிற தொப்பூர் கணவாய்ப் பக்கம் மட்டும் போயிடாதீங்க.

இன்ஜின், சங்கிலி, பலகைச் சத்தமெல்லாம் தனியா அஞ்சு நிமிஷம் பதிவு பண்ணி, எடிட்ல அடியில போடுங்க. ரெண்டு மைக்கும் முக்கியமா மோதிக்கிற ரெண்டு பேருக்குத்தான். மத்த பத்துப் பேர் சலசலப்பைக் கடைசியில சேர்ந்து பேச வச்சு எடுக்கலாம். ரெக்கார்டிங் லெவல் உச்சம் மைனஸ் 12 டெசிபலுக்கு மேல போக வேண்டாம், அதட்டல் வந்தா சத்தம் பிளந்துடும்.

காவேரிக்கரை_கேமரா:
அண்ணே, சேலை உரசல்?

சவுண்டு_பாய்_பாலக்கோடு:
மெடிக்கல்ல மைக்ரோபோர் டேப் கேளுங்க. மைக்கை முந்தானைக்கு வெளியே விடாம ஜாக்கெட் உள்பக்கம் ஒட்டி, ஒயர்ல ஒரு சின்ன வளையம் விட்டு அதையும் ஒட்டிடுங்க, இழுப்பு மைக்குக்கு வராது. தாலிச் சங்கிலி இடிக்குதான்னு பாருங்க, அதுதான் பெரிய எதிரி. மைக் சிக்னலை வாங்குற ரிசீவர் லாரிக்குள்ளயே இருக்கணும். 2.4 கிகாஹெர்ட்ஸ் மைக்னா நடுவுல நாலு உடம்பு நின்னாலே அறுபடும்.

ஓசூர்_டைம்லைன்:
போன் வீடியோல ஃபிரேம் ரேட் நிலையா இருக்காது. பத்து நிமிஷ டேக்ல உதடும் குரலும் பிரிஞ்சிடும். மேனுவல் ஆப்ல 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 வையுங்க. எடிட்டுக்கு முன்னாடி ஹேண்ட்பிரேக்ங்கிற வீடியோ மாத்துற மென்பொருள்ல கான்ஸ்டன்ட் (மாறாத) ஃபிரேம் ரேட்டுக்கு மாத்துங்க. ஒவ்வொரு டேக்கும் கைதட்டலோட தொடங்கட்டும், அதை வச்சுப் படத்தையும் சத்தத்தையும் பொருத்திக்கலாம்.

அரூர்_சப்டைட்டில்:
பேச்சைத் தொடாதீங்க. 'திலிக்' பெரும்பாலும் ஜாவா மொழி. மத்த தீவுக்காரங்க கீழே ஓடுற இந்தோனேசிய வரிகளை வச்சுத்தான் பார்த்தாங்க. யோக்யகர்த்தா பண்பாட்டுத் துறை நிதியில 2018-ல வந்த படம், யூடியூபுக்கு வந்தது 2020 ஆகஸ்ட்ல. அப்புறம்தான் ஒரு கோடி பார்வையைத் தாண்டிச்சு. படத்தை இழுத்துட்டுப் போனது வாயாடி பு தேஜோவின் முகமும் வசனமும். துண்டு துண்டா வெட்டி ஜோக் படமா சுத்துச்சு. கிழக்கு ஜாவாவுல மலாங் பக்கத்து பாயு ஸ்காக்கும் ஜாவா பேச்சை விடாமலே யூடியூப்ல வளர்ந்து, 2018-ல 'யோவிஸ் பென்' சினிமா வரைக்கும் போனார். பொதுத் தமிழாக்கினா உங்க வாயாடி டிவி சீரியல் மாமியார் ஆயிடுவா.

சப்டைட்டிலைப் படத்துல பொறிக்காம தனி எஸ்.ஆர்.டி. (சப்டைட்டில்) கோப்பா, தமிழ் எழுத்து உடையாம யு.டி.எஃப்-8 குறியாக்கத்துல ஏத்துங்க. ரெண்டு வரிக்கு மேல வேண்டாம். எல்லாரும் ஒரே நேரத்துல கத்துற இடத்துல கதையை நகர்த்துற வரியை மட்டும் போடுங்க. தானியங்கி மொழிபெயர்ப்பு வட்டார வழக்குல உளறும், ஆளை வச்சே செய்யுங்க. இந்தோனேசியாவுலயும் பார்க்கணும்னா, ஜகார்த்தா நமக்கு ஒன்றரை மணி நேரம் முன்னாடி. அங்கே ராத்திரி ஏழு மணிக்குப் போய்ச் சேரணும்னா இங்கே சாயங்காலம் 5.30-க்கு வெளியிடணும்.

ஓசூர்_டைம்லைன்:
ஒரு விஷயத்துல மட்டும் உஷார். லாரியில பொம்பளைங்க ஆஸ்பத்திரி போறது யாருக்கும் சொந்தமில்லை. ஆனா போலீஸ் மறிக்கிறது, முடிவுத் திருப்பம்னு காட்சி காட்சியா எடுத்தா 'திலிக்' எடுத்த ரவாச்சானா பிலிம்ஸ்கிட்ட எழுத்துல அனுமதி வேணும். கதையில அந்த ரெண்டு இடத்தையும் மாத்திட்டு ஷூட் தேதி குறிங்க.