எட்டுப் பத்திரத்தையும் கூட்டிப் பார்த்த கதை

மேற்கு மாம்பலத்தில் எங்களுடையது எட்டு வீடு உள்ள அடுக்குமாடிக் கட்டடம். 1998-இல் கட்டியது, இரண்டு கிரவுண்டு மனை. மூன்று வருடத்துக்கு முன்னால் ஒரு ஞாயிறு காலை, வடாம் காயப்போட மாடிக்குப் போன மாமி பாதியிலேயே இறங்கி வந்தார். "மேல யாரோ டேப் வச்சு அளந்துண்டிருக்கா."

பில்டரின் மகன். இன்னொரு தளம் எழுப்பப் போகிறாராம். "மாடியை அப்பா விற்கவே இல்லையே சார்" என்று என் விற்பனைப் பத்திரத்திலேயே ஒரு வரியைக் காட்டினார்: மேற்கொண்டு கட்டும் உரிமை விற்பவருக்கே. வாங்கும்போது அந்த வரியை எட்டுப் பேரில் ஒருவர்கூடப் படிக்கவில்லை.

இத்தனை வருடம் சும்மா இருந்தவருக்கு இப்போது என்ன அவசரம்? முன்பெல்லாம் எங்கள் மாதிரிக் கட்டடத்தில் மனையைப் போல ஒன்றரை மடங்குதான் கட்டலாம். 2019 விதிகளில் அந்த மடங்கு, அதாவது எஃப்எஸ்ஐ, 2 ஆகிவிட்டது. பழைய மொட்டை மாடிகளின் மேல் திடீரென்று அரை மடங்கு காசு முளைத்துவிட்டது.

முதலில் போலீசுக்கு ஓடினோம். "சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க" என்று அனுப்பிவிட்டார்கள். வழி சொன்னது, பதிவுத்துறையில் இருந்து ஓய்வு பெற்ற எங்கள் தரைத்தளத்துத் தாத்தா. "சண்டை அப்புறம். எட்டுப் பேர் யுடிஎஸ்ஸையும் கூட்டிப் பாருங்கோ." யுடிஎஸ் என்றால், மனையில் ஒவ்வொரு வீட்டுக்கும் பத்திரத்தில் எழுதித் தந்திருக்கும் பிரிக்கப்படாத நிலப் பங்கு.

அது லேசில் நடக்கவில்லை. இரண்டு பேரின் பத்திரம் வங்கியில் அடமானம். ஒருவர் அமெரிக்காவில். சார்பதிவாளர் அலுவலகத்தில் நகல் வாங்கி முடிக்கவே இரண்டு மாதம் ஆயிற்று. கூட்டினால் 4,800 சதுர அடி, மனை முழுக்க. பில்டர் பெயரில் ஒரு அடி மண்கூட மிச்சமில்லை.

கூடவே பத்து ரூபாய் கட்டி, தகவல் உரிமைச் சட்டத்தில் அனுமதி வரைபடத்தின் நகலும் வாங்கினோம். அதில் மேலே வெறும் மொட்டை மாடிதான். நிலமே இல்லாதவர் எந்த மண்ணைக் காட்டித் திட்ட அனுமதி கேட்பார் என்பதுதான் எங்கள் வக்கீலின் வாதம். எட்டுக் கையெழுத்தோடு, திட்ட அனுமதி தரும் சிஎம்டிஏவுக்கும் மாநகராட்சிக்கும் பதிவுத் தபாலில் ஆட்சேபணை அனுப்பினோம். ஒப்புகை அட்டைகளை இன்னும் பத்திரமாக வைத்திருக்கிறேன். அதன் பிறகு மகன் வரவில்லை.

மேடவாக்கத்திலிருந்து ஒரு பதில்:
உங்களுக்குக் கூட்டல் சரியாக வந்தது, அதிர்ஷ்டம். எங்களுக்கு 410 சதுர அடி குறைந்தது. அது பில்டர் பெயரிலேயே கிடந்ததால், அவரும் எங்களோடு ஒரு பங்குதாரர். கோர்ட்டுக்குப் போனால் பேரன் காலத்தில்தான் தீர்ப்பு என்று பயந்து, பேரம் பேசி ஆறு வீடும் சேர்ந்து வாங்கிப் பதிவு செய்துகொண்டோம். வயிற்றெரிச்சல்தான். என்ன செய்ய?

பெரும்பாக்கத்திலிருந்து இன்னொன்று:
எங்களுடையது புதுக் கட்டடம், ரெராவில், அதாவது ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையத்தில் பதிவானது. அதற்கான 2016 சட்டத்தில் மொட்டை மாடியும் திறந்தவெளி பார்க்கிங்கும் பொதுப் பகுதி என்றே இருக்கிறது. அனுமதியான வரைபடத்தை மாற்ற, வீடு வாங்கியவர்களில் மூன்றில் இரண்டு பங்குப் பேராவது முன்கூட்டியே எழுத்தில் சம்மதிக்க வேண்டும். பில்டர் சொல்லாமல் விளையாட்டுத் திடலில் கிளப் ஹவுஸுக்குக் குழி தோண்டினார். சட்டப்பிரிவு 14-ஐக் குறிப்பிட்டு சங்கத்தின் பெயரில் ஒரு கடிதம் கொடுத்தோம், குழியை மூடிவிட்டார். ஆனால் கையெழுத்து வாங்க வீடு வீடாக ஏறி இறங்கியதில் என் முட்டி போய்விட்டது.

மறுபடியும் மாம்பலம்:
சார், எங்களுக்கும் கையெழுத்துதான் பெரிய பாடு. இப்போது புதுத் தலைவலி. அன்று முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்ட மூன்றாம் மாடிக்காரரே தன் வீட்டுக்கு மேலே தகர ஷெட் போட்டு, கதவுக்குப் பூட்டும் போட்டுவிட்டார். மாமி வடாம் காயப்போட அவரிடம்தான் சாவி கேட்க வேண்டியிருக்கிறது.