3 மா 40 குழி என்றால் எத்தனை சென்ட்?

தஞ்சாவூர் பக்கம் தாத்தா காலத்துப் பத்திரத்தில் 3 மா 40 குழி என்று இருக்கிறது, ஆனால் பட்டாவில் 0 - 45.50 என்று மட்டும் போட்டிருக்கிறார்கள். நிலம் குறைந்துவிட்டதோ என்று அம்மா ரொம்பக் கவலைப்படுகிறார். யாராவது விளக்குங்கள்.

பதில் 1:
பட்டாவில் இருப்பது ஹெக்டேர் - ஏர் கணக்கு. 1 ஏர் என்பது 100 சதுர மீட்டர், அதாவது சுமார் 2.47 சென்ட், அப்படிப் பார்த்தால் உங்களுடையது 112 சென்டுக்குக் கொஞ்சம் மேல். பத்திரத்தையும் பெருக்கிப் பாருங்கள்: தஞ்சைப் பக்கம் ஒரு குழி 144 சதுர அடி, 100 குழி ஒரு மா, ஆக 340 குழிக்கு 48,960 சதுர அடி. 435.6ஆல் வகுத்தால் அதே 112 சென்ட்தான். அம்மாவிடம் உடனே சொல்லுங்கள்!

பதில் 2:
சரியான கணக்கு. ஆனால் குழி ஊருக்கு ஊர் மாறும், வேறு மாவட்டக்காரர்கள் இந்த 144ஐ அப்படியே எடுக்காதீர்கள்.

கேட்டவர்:
ரொம்ப நன்றி அண்ணா.