உக்ரைன் 1994இல் அணு ஆயுதங்களைக் கொடுத்தது தவறா? யதார்த்தவாதம் ஜெயித்ததா?

கூடல்மாறன் எழுதியது:

சர்வதேச உறவுக் கோட்பாடுகள் எல்லாமே நடந்து முடிந்த பிறகு சொல்லப்படும் கதைகள் என்று போன வாரம் இங்கே ஒரு நண்பர் எழுதியிருந்தார். எனக்கு அதில் துளியும் உடன்பாடில்லை. முன்கூட்டியே சொல்லி, சொன்னபடி நடந்த ஒன்றை வைத்துப் பேசலாம்.

சோவியத் ஒன்றியம் 1991 டிசம்பரில் கலைந்தபோது உக்ரைன் மண்ணில் ஏறக்குறைய 1,900 நெடுந்தூர அணு ஆயுதங்கள் தங்கிவிட்டன. உலகிலேயே மூன்றாவது பெரிய இருப்பு அது. ஒப்படைத்துவிடு என்று வாஷிங்டனும் மாஸ்கோவும் ஒரே குரலில் நெருக்கின. அந்த நேரத்தில், யதார்த்தவாதக் கோட்பாட்டாளரான சிகாகோ பல்கலைக்கழகப் பேராசிரியர் ஜான் மியர்ஷைமர் 1993 கோடைக்கால 'ஃபாரின் அஃபேர்ஸ்' என்ற அமெரிக்க வெளியுறவு இதழில் எதிர்த்து எழுதினார். சாதாரணப் படைகளை மட்டும் வைத்து ரஷ்யாவை உக்ரைனால் தடுக்க முடியாது, அமெரிக்கா உட்பட எந்த நாடும் உருப்படியான பாதுகாப்பு உறுதி தரப்போவதில்லை, ஆகவே அணு ஆயுதம்தான் நம்பத்தகுந்த காவல் என்பது அவர் வாதம்.

உக்ரைன் கொடுத்தது. 1994 டிசம்பர் 5 அன்று புடாபெஸ்டில் அமெரிக்காவும் பிரிட்டனும் ரஷ்யாவும் அதன் எல்லைகளை மதிப்பதாகக் கையெழுத்திட்டன. 1996 ஜூனில் கடைசி ஆயுதமும் ரஷ்யா போய்ச் சேர்ந்தது. 2014இல் உக்ரைனின் தெற்கிலுள்ள கிரிமியா ரஷ்யாவிடம் பறிபோனது. 2022 பிப்ரவரி 24 அன்று முழுப் போர்.

யதார்த்தவாதம் சொல்வது இதுதான்: ஆபத்து என்றால் ஓடிப்போய் முறையிட, நாடுகளுக்கு மேலே ஓர் அரசு கிடையாது. அடுத்த நாட்டின் எண்ணம் என்னவென்று யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது. இன்றைக்குத் தெரிந்தாலும் நாளைக்கு மாறலாம். எனவே சொந்த பலத்தைத்தான் நம்ப வேண்டும். கிரிமியாவுக்கு 20 ஆண்டுகளுக்கு முன்பே இந்த வாதத்தை வைத்து எச்சரித்த ஒரு கோட்பாட்டை எப்படிக் கதை என்று ஒதுக்குவது?

கயல்விழி எழுதியது:

மாறன், ஏவுகணைகள் உக்ரைனில் நின்றன, சரி. ஏவும் குறியீடுகள் எங்கே இருந்தன? மாஸ்கோவில். உக்ரைன் அதிபர் நினைத்தால் ஒன்றைக்கூட ஏவியிருக்க முடியாது. துனிப்ரோவில் ஏவுகணை செய்யும் பெரிய தொழிற்சாலை இருந்தது உண்மை. ஆனால் அணுகுண்டு செய்வதும் பராமரிப்பதும் ரஷ்யாவில் நடந்த வேலை. போதாததற்கு, அந்த நெடுந்தூர ஏவுகணைகள் அமெரிக்காவைக் குறிவைத்துக் கட்டப்பட்டவை. பக்கத்து நாட்டைத் தடுப்பதற்காக யாரும் அவற்றை வடிவமைக்கவில்லை.

அப்புறம், அன்றைய உக்ரைன் எந்த நிலையில் இருந்தது என்று பாருங்கள். 1993இல் பணவீக்கம் 10,000 சதவீதத்தைத் தாண்டியது. எரிவாயு ரஷ்யாவிலிருந்து வந்தது, அணுமின் நிலையங்களுக்கு எரிபொருளும் அங்கிருந்தே வந்தது. ஆயுதங்களை வைத்துக்கொள்வதென்றால் ரஷ்யாவையும் அமெரிக்காவையும் ஒரே சமயத்தில் பகைத்துக்கொள்ள வேண்டும். புதிதாகப் பிறந்த, கையில் காசில்லாத ஒரு நாடு எத்தனை மாதம் தாங்கும்? கொடுத்ததற்கு ஈடாக அணு உலை எரிபொருள் கிடைத்தது, ஆயுதங்களைப் பிரிக்க அமெரிக்கப் பணம் கிடைத்தது, எல்லாவற்றுக்கும் மேலாக உலகத்தின் அங்கீகாரம் கிடைத்தது. அதே 1993 இதழில் ஸ்டீவன் மில்லர் இதற்கு நேர் எதிராக எழுதிய கட்டுரையும் வந்தது. அதை யாரும் இப்போது நினைவுகூர்வதில்லை.

இன்னொன்று. கஜகஸ்தானிலும் சுமார் 1,400 நெடுந்தூர அணு ஆயுதங்கள் இருந்தன. 1995க்குள் எல்லாவற்றையும் கொடுத்துவிட்டது. ரஷ்யாவுடன் 7,500 கிலோமீட்டருக்கும் நீளமான எல்லை, வடக்கே லட்சக்கணக்கில் ரஷ்யர்கள். அங்கே ஏன் போர் வரவில்லை?

கூடல்மாறன் எழுதியது:

குறியீடு அன்று கையில் இல்லை என்பது சரி. ஆனால் பொறியாளர்கள் இருந்தார்கள், தொழிற்சாலை இருந்தது, யுரேனியச் சுரங்கமும் இருந்தது. ஆயுதங்கள் தன் மண்ணில், தன் காவலில் இருக்கும்போது கட்டுப்பாட்டைக் கைப்பற்றச் சில ஆண்டுகள் போதுமா, போதாதா என்பதுதான் கேள்வி. அது நடக்கவே நடக்காது என்று நினைத்திருந்தால் மாஸ்கோ ஏன் அப்படி அவசரப்பட்டது?

கஜகஸ்தான் என் பக்கத்துச் சாட்சி. 1992இலேயே ரஷ்யாவுடன் கூட்டுப் பாதுகாப்பு ஒப்பந்தத்தில் சேர்ந்தது. அதைவிட்டு வெளியேறப் பார்த்ததே இல்லை. 2022 ஜனவரியில் உள்நாட்டில் கலவரம் வெடித்தபோது அதன் அதிபர் தோகாயேவ் கேட்டு ரஷ்யத் தலைமையிலான படைகள் வந்து இறங்கின. பலம் இல்லாத நாடு பலசாலியின் பக்கம் சாயும் என்பதும் யதார்த்தவாதம் சொல்வதுதான்.

மழைக்காகிதம் எழுதியது:

மாறன் சொல்வதைக் கவனமாகப் படித்தேன். எனக்கு இங்கே ஒரு பெரிய ஓட்டை தெரிகிறது.

1993இல் மியர்ஷைமர் எழுதியபோது, அமெரிக்காவும் ஐரோப்பிய நாடுகளும் சேர்ந்த ராணுவக் கூட்டணியான நேட்டோ கிழக்கே விரிவதாக முடிவே ஆகவில்லை. போலந்து சேர்ந்தது 1999இல்தான். ரஷ்யாவும் உக்ரைனும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும் இரண்டு பெரிய நாடுகள், நீண்ட பொது எல்லை, காவலுக்கு மலையோ கடலோ இல்லை, ஆகவே மோதல் வரும் என்றார். 2014இல் அதே இதழில் எழுதும்போது, பழி மேற்கு நாடுகள் மேல் என்றார். நேட்டோவை விரித்ததும், 2008 ஏப்ரலில் புகாரெஸ்ட் மாநாட்டில் உக்ரைனும் ஜார்ஜியாவும் உறுப்பினர்கள் ஆகும் என்று அறிவித்ததும்தான் ரஷ்யாவைச் சீண்டியது என்றார். முழு உக்ரைனையும் அடக்கப் பார்ப்பது முள்ளம்பன்றியை விழுங்குவது மாதிரி, அது புதினுக்கே தெரியும் என்றும் எழுதினார்.

இப்போது சொல்லுங்கள். முதல் கட்டுரைப்படி, நேட்டோ இல்லாவிட்டாலும் ஆபத்து இருக்கிறது. இரண்டாவது கட்டுரைப்படி, நேட்டோ விரியாமல் இருந்திருந்தால் ஆபத்து இருந்திருக்காது. இரண்டும் ஒரே கோட்பாட்டிலிருந்து வருகின்றன. 2022க்குப் பிறகு முதலாவதைப் பிடித்துக்கொண்டு ஒரு கூட்டம் 'அன்றே சொன்னார்' என்கிறது, இரண்டாவதைப் பிடித்துக்கொண்டு இன்னொரு கூட்டமும் அதையே சொல்கிறது. எது நடந்தாலும் பொருந்துகிற ஒன்று எதை முன்கூட்டிச் சொன்னது?

1990இல் அவர் எழுதியதையும் சேர்த்துப் பாருங்கள். பனிப்போர் முடிந்தால் ஐரோப்பா பழையபடி வல்லரசுப் போட்டிக்குத் திரும்பும், ஜெர்மனிக்கு முறையாக அணு ஆயுதம் கிடைப்பதே மேல் என்று வாதிட்டார். ஜெர்மனியோ அதே ஆண்டு செப்டம்பரில் அணு ஆயுதம் வேண்டாம் என்று ஒப்பந்தத்தில் எழுதிக் கொடுத்தது. அந்த வாக்கை இன்றுவரை மீறவில்லை.

உக்ரைன் ஏன் ஆயுதத்தைக் கொடுத்தது என்பதற்கும் பலக் கணக்கு மட்டும் போதாது. 1990 ஜூலை 16 அன்று, சோவியத் ஒன்றியத்துக்குள் இருக்கும்போதே, உக்ரைன் நாடாளுமன்றம் இறையாண்மைப் பிரகடனம் வெளியிட்டது. அணு ஆயுதத்தை ஏற்கமாட்டோம், தயாரிக்கமாட்டோம், வாங்கமாட்டோம் என்பது அதிலேயே இருக்கிறது. உக்ரைனில் இருந்த செர்னோபில் அணுமின் நிலையம் வெடித்து நான்கு ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. அணு என்றாலே அந்த மக்களுக்கு என்ன பொருள் என்பதை ஏவுகணை எண்ணிக்கை சொல்லாது. நாடுகளின் எண்ணங்களையும் அடையாளத்தையும் முன்வைக்கும் கோட்பாட்டாளர் அலெக்சாண்டர் வெண்ட் 1992இல் வைத்த வாதம் இங்கேதான் உதவுகிறது. நாடுகளுக்கு மேலே அரசு இல்லை என்பது உண்மையானாலும், அந்த நிலை எப்படி இருக்கும் என்பதை நாடுகள் ஒன்றையொன்று எப்படிப் பார்க்கின்றன என்பதே தீர்மானிக்கிறது. பிரிட்டனிடம் இருக்கும் அணு ஆயுதங்களைக் கண்டு அமெரிக்கா தூக்கம் கெடுவதில்லை.

புதுமாணவன் எழுதியது:

வணக்கம். முதுகலை அரசியல் அறிவியல் முதலாண்டு படிக்கிறேன். யதார்த்தவாதியான கென்னத் வால்ட்ஸின் கோட்பாடு சர்வதேச அமைப்பைப் பற்றியது, தனி ஒரு நாட்டின் வெளியுறவு முடிவை அது விளக்காது என்று அவரே சொன்னதாக வகுப்பில் கேட்டேன். அப்படியானால் உக்ரைன் போரை வைத்து யதார்த்தவாதம் ஜெயித்தது, தோற்றது என்று பேசவே முடியாதா?

பழையபாலம் எழுதியது:

தம்பி, நல்ல கேள்வி. யதார்த்தவாதம் ஒரே கட்சி இல்லை. மார்கெந்தாவ் 1948இல் எழுதும்போது அதிகார ஆசையை மனித இயல்பில் தேடினார். வால்ட்ஸ் 1979இல் அதை மனிதனிடமிருந்து எடுத்து அமைப்பின் மேல் வைத்தார். எத்தனை வல்லரசுகள், பலம் எப்படிப் பங்கிடப்பட்டிருக்கிறது, இவ்வளவுதான் அவர் கணக்கு. நாடுகள் பிழைக்கத் தேவையான பலம் போதும் என்று நினைக்கும் என்பார். மியர்ஷைமர் அங்கேயிருந்து விலகி, வல்லரசுகள் முடிந்த மட்டும் பலத்தைச் சேர்க்கும் என்பார். ஸ்டீஃபன் வால்ட் 1987இல் வேறு திருத்தம் செய்தார்: நாடுகள் பலத்தை மட்டும் பார்த்து அணி சேர்வதில்லை, அச்சுறுத்தலைப் பார்த்து அணி சேர்கின்றன. பக்கத்தில் இருக்கிறதா, தாக்கும் ஆயுதம் வைத்திருக்கிறதா, என்ன நோக்கத்தோடு இருக்கிறது, இதையெல்லாம் பார்க்கும்.

உங்கள் கேள்விக்கு நேர் பதில்: வால்ட்ஸை உக்ரைனில் வைத்துச் சோதிப்பது கடினம். மியர்ஷைமரைத் தாராளமாகச் சோதிக்கலாம், அவரே தனி நாடுகளைக் குறிப்பிட்டுப் பேசியவர்.

மாறனுக்கு ஒரு வார்த்தை. அணு ஆயுதம் இருந்தால் தாக்குதல் வராது என்பதை அவ்வளவு உறுதியாக எடுத்துக்கொள்ள வேண்டாம். இந்தியாவும் பாகிஸ்தானும் 1998 மே மாதம் சோதனை நடத்தின. அடுத்த ஆண்டே கார்கில். 2024 ஆகஸ்டில் உக்ரைன் படை ரஷ்யாவின் குர்ஸ்க் பகுதிக்குள் புகுந்தது. உலகின் மிகப் பெரிய அணு ஆயுத இருப்பைக் கொண்ட நாட்டின் மண் அது. அணு ஆயுதம் முழுப் படையெடுப்பைத் தடுக்கலாம். எல்லையில் நடக்கும் சண்டையை, நிலத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக அரிப்பதைத் தடுக்கும் என்று நம்ப முடியவில்லை. 2014இல் அடையாளம் இல்லாத சீருடையில் கிரிமியாவுக்குள் வந்த வீரர்களுக்கு எதிராக உக்ரைன் அணுகுண்டை எடுத்திருக்குமா? நான் அப்படி நினைக்கவில்லை.

கூடல்மாறன் எழுதியது:

ஐயா, கார்கிலை நான் வேறு விதமாகப் படிக்கிறேன். இந்தியா எல்லைக் கட்டுப்பாட்டுக் கோட்டைத் தாண்டவில்லை. சண்டை ஒரு வரம்புக்குள் நின்றது. உக்ரைனுக்கு 2022இல் அந்த வரம்பு கிடைக்கவில்லை, தலைநகரின் வாசலுக்கே படை வந்தது. நான் கேட்பது அந்த வித்தியாசத்தைத்தான்.

மழைக்காகிதத்துக்கு: இரண்டு கட்டுரைகளுக்கும் நடுவே இழுபறி இருக்கிறது என்பதை ஏற்கிறேன். ஆனால் இரண்டிலும் மாறாத ஒன்று உண்டு. உக்ரைனுக்காக அமெரிக்கா தன் படையை அனுப்பிப் போரிடாது என்பது. அது அப்படியே நடந்தது. பணமும் ஆயுதமும் வந்தன, படை வரவில்லை. புடாபெஸ்ட் ஆவணத்தை எடுத்துப் படியுங்கள். அணு ஆயுதத்தால் தாக்கினாலோ மிரட்டினாலோ ஐ.நா. பாதுகாப்பு கவுன்சிலுக்குக் கொண்டுபோவோம், சிக்கல் வந்தால் கலந்து பேசுவோம் என்பதற்கு மேல், வாக்கு மீறப்பட்டால் என்ன செய்வோம் என்று எதுவும் இல்லை. அந்தக் கவுன்சிலில் ரஷ்யாவுக்கு வீட்டோ இருக்கிறது. நாடுகளின் ஒத்துழைப்பை நம்பும் தாராளவாதக் கோட்பாட்டினர், ஐ.நா. போன்ற நிறுவனங்கள் நிறுவனங்கள் என்கிறார்களே, 2022இல் அந்த நிறுவனம் என்ன செய்தது?

கயல்விழி எழுதியது:

ஐ.நா. படை அனுப்பும் என்று எந்தத் தாராளவாதியும் சொல்லவில்லை. அந்தக் கோட்பாட்டாளர் கியோஹேன் 1984இல் வாதிட்டது இன்னும் அடக்கமானது. நிறுவனங்கள் இருந்தால் தகவல் பரிமாற்றம் எளிதாகும், ஏமாற்றுவது கடினமாகும், மீறினால் விலை கூடும். அந்த விலையைப் பாருங்கள். 2022 மார்ச் 2 அன்று பொதுச்சபையில் 141 நாடுகள் ரஷ்யாவுக்கு எதிராக வாக்களித்தன, ஆதரவாக நின்றது ரஷ்யாவையும் சேர்த்து 5 நாடுகள். ரஷ்ய மத்திய வங்கியின் வெளிநாட்டு இருப்பில் ஏறக்குறைய பாதி முடக்கப்பட்டது. இது போரை நிறுத்தவில்லை, உண்மை. உக்ரைன் இன்னும் நிற்பதற்கு இதில் பங்கே இல்லையா? 1993இல் ஆயுதங்களை வைத்துக்கொண்டு உலகின் ஒதுக்கலைச் சம்பாதித்திருந்தால் அந்த 141இல் எத்தனை நாடுகள் அதன் பக்கம் வந்திருக்கும்?

இந்தியா அன்று வாக்களிக்காமல் விலகியது. 35 விலகல்களில் அதுவும் ஒன்று. ரஷ்ய ஆயுதங்களை நம்பியிருந்ததை வைத்து யதார்த்தவாதிகள் அதை விளக்குவார்கள், அதில் எனக்கும் மறுப்பில்லை.

மழைக்காகிதம் எழுதியது:

பின்லாந்தை யாரும் தொடவில்லையே. நேட்டோ பக்கத்தில் வருவதுதான் காரணம் என்றால், 2023 ஏப்ரல் 4 அன்று பின்லாந்து சேர்ந்தபோது சுமார் 1,300 கிலோமீட்டர் புதிய எல்லை ஒரே நாளில் வந்தது. ரஷ்யாவுடன் நேட்டோவுக்கு இருந்த நில எல்லை இரட்டிப்பானது. செயிண்ட் பீட்டர்ஸ்பர்க் அந்த எல்லையிலிருந்து அதிக தூரமில்லை. கண்டனமும் பதில் நடவடிக்கை எடுப்போம் என்ற பேச்சும் வந்தன, படையெடுப்பு வரவில்லை. உக்ரைனுக்கு மட்டும் ஏன்? 2021 ஜூலையில் புதின் வெளியிட்ட நீண்ட கட்டுரை ரஷ்யரும் உக்ரைனியரும் ஒரே மக்கள் என்கிறது. பின்லாந்தைப் பற்றி அப்படி ஒரு கட்டுரை கிடையாது. அடையாளம் என்ற காரணியை வெளியே தள்ளிவிட்டு இந்தப் போரை எப்படி விளக்குவது?

கூடல்மாறன் எழுதியது:

பின்லாந்து சேரும்போது ரஷ்யப் படை உக்ரைனில் சிக்கிக் கிடந்தது. கையில் படை இல்லாதவன் கோபத்தை எப்படிக் காட்டுவான்? போதாததற்கு, கிரிமியாவில் செவஸ்தபோல் கடற்படைத் தளம் இருக்கிறது, கருங்கடலுக்கான வாசல் அது. பின்லாந்தில் அப்படி ஒன்று இல்லை. புதினின் கட்டுரை முக்கியம்தான். ஆனால் தலைவர்கள் காரணம் சொல்ல எதையும் எழுதுவார்கள். படையை நகர்த்த வைத்தது எது என்பதை எழுத்தை மட்டும் வைத்து முடிவுசெய்ய முடியாது.

பழையபாலம் எழுதியது:

கஜகஸ்தானுக்கு ஒரு முறை திரும்புங்கள், அது பாதியில் நிற்கிறது. 2022 ஜூனில் செயிண்ட் பீட்டர்ஸ்பர்க் பொருளாதார மாநாட்டு மேடையில், புதின் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கும்போது, உக்ரைனின் கிழக்கிலுள்ள டொனெட்ஸ்க், லுகான்ஸ்க் பகுதிகளைத் தனி நாடுகளாக அங்கீகரிக்க மாட்டோம் என்று தோகாயேவ் வெளிப்படையாகச் சொன்னார். ஐந்து மாதங்களுக்கு முன்புதான் ரஷ்யத் தலைமையிலான படைகள் வந்து அவர் ஆட்சியைக் காப்பாற்றின. பலசாலியின் பக்கம் சாய்ந்த நாடு என்று மாறன் சொன்னது இதைத்தானே?

கூடல்மாறன் எழுதியது:

ஆமாம், அதுதான். ஆனால் சாய்வதோடு அது நிற்கவில்லை. அந்தச் செப்டம்பரில் ஷி ஜின்பிங் பெருந்தொற்றுக்குப் பிறகான முதல் வெளிநாட்டுப் பயணமாகக் கஜகஸ்தானுக்கு வந்து, அதன் இறையாண்மைக்கும் எல்லைக்கும் சீனா துணை நிற்கும் என்றார். ஒரு பெரிய அண்டை நாட்டை இன்னொரு பெரிய அண்டை நாட்டை வைத்துச் சமன்செய்கிறார் தோகாயேவ். உக்ரைனுக்குக் கிழக்கே அப்படி ஒரு சீனா இல்லை. மேற்கே இருந்த நேட்டோவோ, 2008இல் கதவைத் திறப்பதாக அறிவித்துவிட்டு, எப்போது என்று தேதி சொல்லாமல் விட்டது.

கயல்விழி எழுதியது:

அந்தக் கடைசி வரியில் மட்டும் நாம் எல்லோரும் ஒத்துப்போகிறோம் என்று நினைக்கிறேன். 2008 அறிவிப்பு உக்ரைனுக்குப் பாதுகாப்பும் தரவில்லை, ரஷ்யாவை அமைதிப்படுத்தவும் இல்லை. ஆனால் அதற்கு நான் சொல்லும் மருந்து தேதி குறித்துச் சேர்த்துக்கொள்வது, மியர்ஷைமர் வாதப்படி மருந்து அறிவிக்காமலே இருந்திருப்பது. ஜார்ஜியாவில் 2008 ஆகஸ்டில் ரஷ்யாவுடன் நடந்த போரை வைத்து இதை எடுத்துப் பேசலாம். அறிவிப்புக்கும் போருக்கும் நடுவே அங்கே நான்கே மாதங்கள்தான்.