கண்ணாடி டைல்ஸ் வெட்டும்போது கடைசியில் உடைகிறது, என்ன செய்யலாம்?

நானுஓயா வீடு:
வணக்கம். குசினியில் சிங்குக்குப் பின்சுவரில் கண்ணாடி டைல்ஸ் பதிக்கிறோம். ஒரு டைல் 3 அங்குலத்துக்கு 6 அங்குலம், தடிப்பு 8 மில்லிமீட்டர், பின்பக்கம் பச்சை வர்ணம் பூசியது. தரை டைல்ஸ் வெட்டிய அதே 4 அங்குல கிரைண்டரில்தான் வெட்டுகிறேன். முக்கால்வாசி நேராகப் போகிறது. கடைசி ஒரு விரல் அகலம் இருக்கும்போது 'டிக்' என்று சாய்வாகக் கீறல் ஓடி, மூலை தனியாக விழுந்துவிடுகிறது. ஓரமெல்லாம் பல்லுப் பல்லாக வருகிறது, வர்ணமும் உரிகிறது. வாங்கிய கடையில் இந்த நிறம் இனி வராது என்கிறார்கள். பிளக் பொயின்ட்டைச் சுற்றி எல் வடிவில் வெட்ட வேண்டிய டைல் ஒன்றும் இருக்கிறது. அதைத் தொடவே பயமாக இருக்கிறது.

ஹட்டன் மேசன்:
தம்பி, பிளேட்டின் ஓரத்தைப் பாருங்கள். இடைவெளி விட்டு விட்டு இருக்கிறதா, சுற்றிலும் ஒரே விளிம்பா?

நானுஓயா வீடு:
இடைவெளி இருக்கிறது அண்ணே. கல்லு, கொங்கிரீட் எல்லாம் இதில்தான் வெட்டினோம்.

ஹட்டன் மேசன்:
அதுதான் விஷயம். அந்த இடைவெளி ஒவ்வொன்றும் கண்ணாடியின் ஓரத்தைத் தட்டிவிட்டுப் போகும். கிரைண்டரோ நிமிடத்துக்கு 10,000 சுற்றுக்கு மேல் ஓடுகிறது. பிறகு ஓரம் எப்படி நிற்கும்? ஹார்ட்வெயாரில் கண்ணாடிக்கென்று கேட்டு, சுற்றிலும் ஒரே விளிம்பாக உள்ள டயமண்ட் பிளேட் வாங்குங்கள். அது தேய்ந்து வெட்டு மந்தமானால் பழைய சாணைக்கல் துண்டில் இரண்டு தடவை ஓட்டுங்கள், புது டயமண்ட் வெளியே வரும்.

கடைசியில் உடைவதற்குக் காரணம் வேறு. வெட்டு முடிய முடிய, ஒட்டிக்கொண்டிருக்கும் இடம் மெலிதாகிறது. தொங்கும் துண்டின் பாரமும் மெஷினின் அதிர்வும் அந்த மெல்லிய இடத்தில்தான் இறங்கும். கண்ணாடி வளையாது, உடையும். அதனால் டைலின் இரண்டு பக்கமும் சமமான பலகையில் உட்கார்ந்திருக்க வேண்டும். முதலில் எதிர் முனையில் அரை அங்குலம் வெட்டி வைத்துவிட்டு, டைலைத் திருப்பி இந்த முனையிலிருந்து வந்து அதோடு சேருங்கள். பளபளப்பான முகம் மேலே, கோட்டின்மேல் மாஸ்கிங் டேப். அழுத்த வேண்டாம், பிளேட் தானாகப் போகட்டும். தண்ணீர் இல்லாமல் வெட்டவே வேண்டாம், சூட்டிலேயே கீறல் ஓடும்.

பதுளை வயரிங்:
மேசன் அண்ணன் சொன்னதெல்லாம் சரி. ஆனால் கை கிரைண்டருக்குப் பக்கத்தில் தண்ணீர் வேண்டவே வேண்டாம். அது ஈரத்தில் ஓட்டச் செய்த மெஷின் இல்லை. தண்ணீர்த் தட்டோடு வரும் டைல் கட்டரை ஒரு நாளைக்கு வாடகைக்கு எடுங்கள். அதையும் 30 மில்லி அம்பியர் ட்ரிப் சுவிட்ச் (மின்சாரம் கசிந்தால் தானாக லைனை நிறுத்துவது) உள்ள லைனில் மட்டும் போடுங்கள். போடுவதற்கு முன் ட்ரிப் சுவிட்சின் டெஸ்ட் பொத்தானை அமுக்கி, விழுகிறதா என்று பாருங்கள். கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடி கட்டாயம்.

ஹட்டன் மேசன்:
ஒத்துக்கொள்கிறேன். தட்டு உள்ள மெஷின்தான் நல்லது.

பண்டாரவளை கண்ணாடி வேலை:
நேர் வெட்டுக்கு மெஷினே தேவையில்லை என்பது என் எண்ணம். சக்கரம் வைத்த கண்ணாடி கட்டரை மண்ணெண்ணெயில் தொட்டு, ஸ்கேல் பிடித்து, முகப்பக்கத்தில் ஒரே இழுவை. 'ஸ்ஸ்' என்று ஒரே சீராகச் சத்தம் வர வேண்டும். கோடு மெல்லிய வெள்ளை முடி மாதிரித் தெரியும். வெள்ளைத் தூள் பறந்தால் அழுத்தம் கூடிவிட்டது. அதே கோட்டில் இரண்டாம் தடவை ஓட்டாதீர்கள், ஆறவும் போடாமல் உடனே இடுக்கியால் முறித்துவிடுங்கள். ஒரு அங்குலத்துக்குக் குறைந்த துண்டு மட்டும் இப்படி ஒழுங்காக வராது, அதற்கு மெஷின்தான். டெம்பர் பண்ணிய (சூடாக்கி உறுதியாக்கிய) கண்ணாடி என்றால் எந்த முறையிலும் வெட்ட முடியாது, முழுதாக நொறுங்கிவிடும்.

நானுஓயா வீடு:
எல் வெட்டு?

ஹட்டன் மேசன்:
உள்மூலையில் முதலில் 6 மில்லிமீட்டர் டயமண்ட் பிட்டால் ஓட்டை போடுங்கள். ஹேமர் மோட் (தட்டித் தட்டித் துளைப்பது) கூடாது, இடத்தை ஈரமாக வைத்து, பேட்டரி ட்ரில்லால் மெதுவாக. அப்புறம் இரண்டு பக்கமிருந்தும் அந்த ஓட்டை வரை வெட்டி நிறுத்துங்கள். கூரான உள்மூலையில்தான் கீறல் பிறக்கும், வட்டமாக இருந்தால் அதற்குத் தொடங்க இடம் இல்லை. மூலை வட்டமானதை பிளக்கின் மூடி மறைத்துவிடும்.

நானுஓயா வீடு:
தட்டு மெஷின் கிடைத்தது. புது பிளேட், எதிர் முனை வெட்டு, எல்லாம் சொன்னபடி. எல் துண்டும் முழுதாக வந்துவிட்டது! ஓரத்தில் லேசாகக் கூர் இருக்கிறது, பின் வர்ணம் நூல் அளவு உரிந்திருக்கிறது.

ஹட்டன் மேசன்:
வெட் பேப்பரை (ஈரத்தில் தேய்க்கும் உப்புத்தாள்) தண்ணீரில் நனைத்து, ஓரத்தைத் தேயுங்கள். வெட்டிய ஓரத்தை சுவர் மூலைப் பக்கம் அல்லது பிளக் மூடிக்கு அடியில் வருகிற மாதிரி வையுங்கள். வெள்ளை நிற பசைதான் பூச வேண்டும், பசையில் பல் கரண்டி விடும் கோடுகளைத் தட்டையாக்கிவிட்டு ஒட்டுங்கள். உங்கள் ஊர்க் குளிரில் பசை இறுக நேரம் எடுக்கும், பையில் போட்டிருக்கும் நேரத்துக்கு மேல் இன்னொரு நாள் விட்டு கிரவுட் (டைல் இடைவெளியை நிரப்பும் கலவை) போடுங்கள். மணல் இல்லாத கிரவுட், மணல் இருந்தால் முகத்தில் கோடு விழும். சிங்கோடு சேரும் மூலைக்கு சிலிக்கன்.