ஸ்மார்ட்வாட்ச் கட்டினதுல இருந்து படபடப்பு கூடிடுச்சு, உங்களுக்கு எது உதவுச்சு?

தாம்பரம்_லோக்கல்:
எனக்கு வயசு 34, தினம் தாம்பரத்துல ட்ரெயின் ஏறி எழும்பூர்ல இறங்குற ஆளு. போன டிசம்பர்ல கிண்டியில கூட்டம் ஏறினப்ப திடீர்னு நெஞ்சு அடிச்சுக்குது, கை மரத்துப்போச்சு, செத்துடுவேன்னே நினைச்சேன். ஈசிஜி, எக்கோ, தைராய்டு எல்லாம் நார்மல், பேனிக் அட்டாக்குனு டாக்டர் சொல்லிட்டாரு. வீட்டுக்காரர் பாவம் நல்லதுக்குன்னு ஒரு ஸ்மார்ட்வாட்ச் வாங்கிக் குடுத்தாரு, அதுல மூச்சுப்பயிற்சி எல்லாம் இருக்குன்னு. நான் அதைத் தவிர மத்த எல்லாத்தையும் பாக்குறேன். முந்தாநேத்து ராத்திரி 2 மணிக்கு பாத்ரூம்ல நின்னுக்கிட்டு ஈரக்கையால அமுக்கிப் பாத்தா துடிப்பு 104, அய்யோன்னு திரும்பப் பாத்தா 118, அப்புறம் 131. நான் பாக்கப் பாக்க ஏறுது. இதைத் தூக்கிப் போட்டுடவா, இல்ல உருப்படியா பயன்படுத்த வழி இருக்கா?

மொட்டைமாடி_அக்கா:
தூக்கிப் போடாதம்மா, நம்பரை மட்டும் தூக்கிடு. முதல்ல வாட்ச் முகப்புல இதயத்துடிப்பு காட்டாத டிசைனா மாத்து. அடுத்தது அலர்ட். ஆப்பிள் வாட்சா இருந்தா 10 நிமிஷம் அசையாம இருக்கும்போது துடிப்பு 120ஐ தாண்டினா தட்டி எழுப்பும், அந்த 120ஐ மாத்தலாம், அணைக்கவும் செய்யலாம், ஆனா உன் டாக்டர்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டு செய். இன்னொன்னு, மணிக்கட்டுல பச்சை லைட் அடிச்சு ரத்த ஓட்டத்தை வச்சுத்தான் அது கணக்குப் போடுது, பட்டை லூசா இருந்தாலோ கையை ஆட்டினாலோ கண்டபடி காட்டும். சில நேரம் நாம நடக்கற அடியையே துடிப்புன்னு எண்ணிடும்.

நீ வச்சுக்க வேண்டியது அந்த மூச்சுப்பயிற்சியில வர்ற அதிர்வை மட்டும்தான். மூச்சு இழுக்கும்போது மணிக்கட்டுல மெதுவா தட்டும், விடும்போது நின்னுடும். நிமிஷத்துக்கு 6 மூச்சு மாதிரி வச்சுக்கோ, விடுறது இழுக்கறதை விட நீளமா இருந்தா நல்லது, மூச்சு விடும்போதுதான் துடிப்பு இறங்கும். ஆனா நேரா ட்ரெயின்ல போய் ஆரம்பிக்காத, எடுபடாது. ரெண்டு வாரம் வீட்ல சும்மா இருக்கும்போது பழகு.

பழைய_ரேடியோ:
மூக்கை மாத்தி மாத்தி மூச்சு விடற நாடிசுத்தி பண்ணா போதுமே சார், இதுக்குப் போய் ஆயிரக்கணக்குல செலவா, நம்ம தாத்தா காலத்துல வாட்சா கட்டினாங்க

மொட்டைமாடி_அக்கா:
@பழைய_ரேடியோ அண்ணா, அவங்க சார் இல்ல. நாடிசுத்தி நல்லதுதான், நானும் பண்றேன். ஆனா அட்டாக் வரும்போது ஒண்ணு ரெண்டு எண்ணக்கூட வராது, அந்த எண்ணிக்கையைத்தான் மணிக்கட்டு நமக்காக எண்ணுது.

செங்கல்பட்டு_பாஸ்ட்:
எனக்குப் பிரச்சனை சத்தம்தான், ஹார்ன், கதவுகிட்ட கத்தறது, போன்ல ஸ்பீக்கர் போட்டு ரீல்ஸ் பாக்குற மகராசனுங்க வேற. நாய்ஸ் கேன்சலிங் இயர்போன் போட்டப்புறம் பாதி குறைஞ்சுது. மனுசக்குரலை முழுசா அடக்காது, தண்டவாளத்து இரைச்சலைத்தான் அமுக்கும், அதுவே பெரிய விஷயம். ஒரு காதுல மட்டும் போடுங்க இல்லன்னா ஸ்டேஷன் போயிடும், எனக்குப் போயிருக்கு. ஐபோன்ல அக்சஸிபிலிட்டிக்குள்ள மழை, கடல் சத்தம் எல்லாம் இருக்கு, தனியா ஆப் வேண்டாம்.

நோட்டுப்புத்தகம்:
கொஞ்சம் கசப்பா சொல்றேன் தோழி, தப்பா எடுத்துக்காதீங்க. திரும்பத் திரும்பப் பாக்குறதுதான் உங்க பயத்துக்குத் தீனி. பாத்தவுடனே ஒரு நிமிஷம் நிம்மதி, அப்புறம் மறுபடி பாக்கணும் போல இருக்கும். எனக்கு வாட்ச் இல்ல, விரலை வச்சு கழுத்துல நாடி பாப்பேன், கவுன்சிலர்தான் கண்டுபிடிச்சாங்க. ஒவ்வொரு தடவை கை போகும்போதும் மணி எழுதச் சொன்னாங்க. முதல் நாள் 43 தடவை!! எனக்கே அசிங்கமாயிடுச்சு. அந்த எண்ணைத்தான் வாரம் வாரம் குறைச்சோம். இயர்போன், அதிர்வு எல்லாம் ஓகே, ஆனா அது இல்லாம வீட்டை விட்டே கிளம்பமாட்டேன்ற நிலைமை வந்துடக்கூடாது. கவுன்சிலர் யாரும் தெரியலன்னா டெலி மானஸ் 14416க்குப் போடுங்க, 2022ல ஆரம்பிச்ச அரசாங்க மனநல லைன், காசு கிடையாது, ராத்திரி 2 மணிக்கும் எடுப்பாங்க, தமிழ்லயே பேசலாம்.

தாம்பரம்_லோக்கல்:
எல்லாருக்கும் நன்றி. 16 நாள் ஆச்சு. நம்பரை எடுத்தாச்சு, டாக்டர்கிட்ட கேட்டு அலர்ட்டையும் அணைச்சாச்சு. நேத்து கிண்டியில வந்துச்சு, வரலன்னு பொய் சொல்லமாட்டேன். கம்பியைப் பிடிச்சுக்கிட்டு தட்டறதை மட்டும் கவனிச்சேன், கோடம்பாக்கம் வரைக்கும் கஷ்டம், நுங்கம்பாக்கத்துல இறங்கிடுச்சு. நான் இறங்கல, எழும்பூர் வரைக்கும் போனேன்.
ராத்திரிதான் இன்னும் கை போகுது, செட்டிங்ஸ்குள்ள போய்த் தேடிப் பாத்துடறேன் 🙈

மொட்டைமாடி_அக்கா:
படுக்கும்போது கழட்டி சமையக்கட்டுல சார்ஜ்ல போட்டுட்டு வா. மணி பாக்க சுவர்க்கடிகாரம் இருக்குல்ல.